சி சென்டரின் கணக்கு

தமிழ் சினிமா வியாபாரத்துக்கென்று ஒரு தனி வரைபடம் உண்டு. அதில் மாவட்டங்கள் கிடையாது, ஏரியாக்கள்தான். சென்னை நகரம், செங்கல்பட்டு, வட ஆற்காடு, தென் ஆற்காடு, சேலம், கோவை, எம்.ஆர். எனப்படும் மதுரை-ராமநாதபுரம், டி.கே. எனப்படும் திருநெல்வேலி-கன்னியாகுமரி, டி.டி. எனப்படும் திருச்சி-தஞ்சாவூர். அரசின் வரைபடத்தில் பெரம்பலூர் 1995இல் திருச்சியிலிருந்து பிரிந்தது. அதிலிருந்து அரியலூர் பிரிந்து, மறுபடி சேர்ந்து, கடைசியில் 2007இல் தனி மாவட்டமாக நிலைத்தது. விநியோகஸ்தர்களின் பேரேட்டில் இந்தப் பாகப்பிரிவினை எதுவும் ஏறவில்லை. ஆண்டிமடத்தை ஒட்டி, முந்திரிக் காடுகளின் நடுவே இருக்கும் வரதராஜன்பேட்டை அவர்களுக்கு இன்றும் டி.டி. ஏரியாதான். அதற்குள்ளும் தரப் பிரிவு உண்டு: பெருநகரங்கள் ஏ, தாலுகா தலைநகரங்கள் பி, வரதராஜன்பேட்டை போன்ற பேரூராட்சிகளும் அதற்குக் கீழே உள்ளவையும் சி. ஏ சென்டரில் படம் ஓடி முடித்து, பி சென்டரில் சுற்றி, பிரதி கீறல் விழுந்து, சில இடங்களில் ஒட்டுப் போட்ட பிறகுதான் சி சென்டருக்குப் பெட்டி வரும். இந்த வரிசையை டிஜிட்டல் தளங்கள் அழித்துவிட்டன என்பது இன்று எல்லோரும் சொல்வது. ஒரு தரப்பு இதைச் சமத்துவம் என்று கொண்டாடுகிறது. இன்னொரு தரப்பு கொட்டகைப் பண்பாட்டின் சாவு என்று ஒப்பாரி வைக்கிறது. இரு தரப்பும் பேசுவது திரையைப் பற்றி, அதாவது பெரிய திரையா கைக்குள் அடங்கும் திரையா என்பதைப் பற்றி. அதைவிடப் பெரிய மாற்றம் கணக்கில் நடந்திருக்கிறது. யார் பார்ப்பது எண்ணப்படுகிறதோ, அவருக்காகத்தான் கதை எழுதப்படும். சி சென்டர்க்காரர் முன்பு எப்படி எண்ணப்பட்டார், இன்று எப்படி எண்ணப்படுகிறார் அல்லது விடப்படுகிறார் என்று பார்த்தால்தான், இந்த மாற்றத்தில் அவருக்கு வரவு எது, செலவு எது என்பது தெரியும்.

பழைய கணக்கு கண்ணால் பார்க்கக்கூடியது. படப்பெட்டியோடு விநியோகஸ்தரின் பிரதிநிதி ஒருவர் வருவார். தொழிலில் அவருக்கு ரெப் என்று பெயர். காட்சி தொடங்கும் முன் ஒவ்வொரு வகுப்பிலும் டிக்கெட் புத்தகத்தின் முதல் எண்ணைக் குறித்துக்கொள்வார். கவுண்ட்டர் மூடியதும் கடைசி எண். தரை, பெஞ்சு, நாற்காலி என்று தனித்தனியாக வசூல் கூட்டி, கேளிக்கை வரி கழித்து, டி.சி.ஆர். என்னும் தினக்கணக்குத் தாளில் எழுதி அனுப்புவார். இந்தத் தாள்கள்தான் சென்னைக்குப் போய், எந்த நடிகரின் அடுத்த படத்துக்கு டி.டி. ஏரியாவில் எவ்வளவு மினிமம் கேரண்டி கொடுக்கலாம் என்பதைத் தீர்மானித்தன. கோடம்பாக்கத்தில் 'சி சென்டர் படம்' என்பது பாதி வசவு. ஆனாலும் அந்த சென்டர்களை விட்டுவிட யாருக்கும் துணிச்சல் இல்லை. 1989இல் வந்த 'கரகாட்டக்காரன்' மதுரையில் ஓராண்டுக்கும் மேல் ஓடியது. விமர்சகர்கள் என்ன சொல்லியிருந்தாலும், கரகமும் நாதஸ்வரமும் பேசும் ஒரு கதைக்கு எவ்வளவு பேர் காசு கொடுக்கத் தயார் என்பதை அந்த ஓட்டம் எல்லோருக்கும் சொல்லிவிட்டது. எம்.ஜி.ஆர். படங்கள் அவர் நடிப்பை விட்டுப் பல ஆண்டுகள் கழிந்த பிறகும் சிற்றூர்க் கொட்டகைகளில் திரும்பத் திரும்ப வந்ததற்குக் காரணமும் அதே தினக்கணக்குதான்.

அந்தக் கணக்கு ஒன்றும் யோக்கியமானதல்ல என்ற எதிர்வாதம் உடனே எழும். உண்மைதான். விற்ற டிக்கெட்டை மறுபடி விற்பது, ரெப்பையே கவனித்துக்கொள்வது, வரிக்கு ஒன்றும் விநியோகஸ்தருக்கு ஒன்றுமாக இரட்டைக் கணக்கு வைப்பது என்று எல்லாமே நடந்தது. கொட்டகையே எல்லோருக்கும் பொதுவாக இருந்ததில்லை. இரண்டாம் ஆட்டம் ஆண்களின் உலகம். பெண்கள் எந்தப் படத்துக்குப் போகலாம் என்பதை வீட்டு ஆண்கள் முடிவு செய்தார்கள். ஆகவே அன்றைய கணக்கில் உழைக்கும் இளைஞனின் கை ஓங்கியிருந்தது. படங்களும் அவனுக்காகவே சண்டை போட்டன. ஆனால் இந்தக் குறைகள் என் வாதத்துக்கு எதிரானவை அல்ல. எண்ணப்பட்டவன் இளைஞன், எனவே படம் இளைஞனுக்கு என்பதைத்தான் அவையும் சொல்கின்றன. இன்னொன்று, கள்ளக் கணக்கு எழுதியவர் யார் என்பது ஊருக்குத் தெரியும். அவரிடம் சண்டை போடலாம். அந்த வசதி இன்று இல்லை.

தொலைக்காட்சி வந்ததும் கணக்கு வீட்டுக்குள் நுழைந்தது. 1993இல் சன் டி.வி., அதன் பிறகு தெருவெங்கும் கேபிள். 2006இல் ஆட்சிக்கு வந்த தி.மு.க. அரசு வண்ணத் தொலைக்காட்சிப் பெட்டியை இலவசமாகக் கொடுத்தது; 2011இல் அரசு கேபிள் மாதம் 70 ரூபாய்க்கு இணைப்புக் கொடுத்தது. அரியலூர் மாவட்டத்தின் மக்கள்தொகை 2011 கணக்கெடுப்பின்படி ஏழரை லட்சம்; பத்தில் ஏறத்தாழ ஒன்பது பேர் கிராமவாசிகள். இத்தகைய மாவட்டங்களில் பெண்கள் முதன்முறையாகத் தனி ரசிகர் கூட்டமாக எண்ணப்பட்டது தொலைக்காட்சியில்தான். 1999இல் தொடங்கிய 'சித்தி', 2002இல் தொடங்கிய 'மெட்டி ஒலி' முதலிய தொடர்கள் அந்த எண்ணிக்கையின் பிள்ளைகள். சீரியலை ஏளனம் செய்வது சுலபம். திரையரங்கு ஐம்பது ஆண்டுகளில் செய்யாததை, ஒரு நடுத்தர வயதுப் பெண்ணைக் கதையின் மையத்தில் நாள்தோறும் நிறுத்துவதை, அது செய்தது. எண்ணும் முறை மாறினால் படைப்பு எவ்வளவு சீக்கிரம் மாறும் என்பதற்கு வடக்கிலும் ஒரு சான்று கிடைக்கிறது. நெடுங்காலம் டி.ஆர்.பி. கருவிகள் நகரங்களில் மட்டுமே இருந்தன. பார்க் என்ற அளவீட்டு நிறுவனம் 2015 அக்டோபரில் கிராமங்களையும் சேர்த்துக் கணக்கு வெளியிட்டதும், நகரத்தார் மதிக்காத இலவச இந்தி சேனல்கள் பட்டியலின் உச்சிக்கு ஏறின. பார்வையாளர்கள் ஒரே இரவில் முளைத்துவிடவில்லை. எப்போதும் இருந்தவர்கள்தான், அதுவரை யாரும் அவர்களை எண்ணவில்லை, அவ்வளவே.

டிஜிட்டல் என்றதும் எல்லோரும் செல்போனுக்குத் தாவிவிடுகிறார்கள். சி சென்டரைப் பொறுத்தவரை டிஜிட்டல் முதலில் வந்தது கொட்டகைக்குத்தான். சென்னையின் ரியல் இமேஜ் நிறுவனம் உருவாக்கிய க்யூப் தொழில்நுட்பம் 2000களின் நடுவில் பரவத் தொடங்கியபோது, பிலிம் பிரதிக்கான பெருஞ்செலவு ஒழிந்தது. இனி எல்லா ஊரிலும் ஒரே நாளில் வெளியீடு. பெட்டிக்காகக் காத்திருக்க வேண்டியதில்லை. நியாயமாகப் பார்த்தால் இது சி சென்டருக்குப் பொற்காலமாக அமைந்திருக்க வேண்டும். நடந்தது தலைகீழ். புது புரொஜெக்டர் போட வசதியில்லாத கொட்டகைகள் மூடப்பட்டுக் கல்யாண மண்டபங்களாகவும் குடோன்களாகவும் மாறின. எல்லா இடத்திலும் முதல் நாளே படம் வருமென்றால், வரதராஜன்பேட்டைக்காரர் மோட்டார் சைக்கிளில் ஜெயங்கொண்டத்துக்கோ விருத்தாசலத்துக்கோ போய்விடலாமே. முதல் மூன்று நாள் வசூலே படத்தின் தலையெழுத்து என்றாகி, மெதுவாகப் பரவி நூறு நாள் ஓடும் வழக்கம் செத்தது. காத்திருப்பு ஒழிந்தபோது, காத்திருந்த கொட்டகையும் கூடவே ஒழிந்தது. திரையிடும் கட்டணம் யார் தலையில் என்ற தகராறில் 2018 மார்ச் தொடங்கி ஏறக்குறைய ஒன்றரை மாதம் புதுப்படமே வராமல் தயாரிப்பாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். தளம் ஒன்று நடுவில் வந்து உட்கார்ந்தால் கணக்குச் சாவி யார் கைக்குப் போகிறது என்பதைத் தமிழ்த் திரையுலகம் முதலில் உணர்ந்தது அப்போதுதான்.

படத்தை நேராக வீட்டுக்கே விற்கும் யோசனையும் வெளியூர் நிறுவனங்கள் கொண்டுவந்ததல்ல. 2013இல் கமல்ஹாசன் 'விஸ்வரூபம்' படத்தை டி.டி.எச். வழியே 1,000 ரூபாய்க்குத் திரையிட முயன்றார். திரையரங்க உரிமையாளர்கள் எதிர்த்தார்கள், திட்டம் நின்றது. 2015இல் சேரன் 'ஜே.கே. எனும் நண்பனின் வாழ்க்கை' படத்தை சி2எச் என்ற திட்டத்தின் கீழ் 50 ரூபாய் டி.வி.டி.யாக ஊர் ஊருக்கு முகவர் வைத்து விற்றார். திருட்டுப் பிரதியும் தொழிலின் ஒத்துழையாமையும் சேர்ந்து அதைப் படுக்கவைத்தன. இவ்விரண்டிலும் இன்றைய சந்தா முறையில் இல்லாத ஒரு குணம் இருந்தது: ஒரு படத்துக்கு ஒரு விலை. அரியலூரில் எத்தனை டி.வி.டி. போனது என்று சேரனால் சொல்ல முடிந்திருக்கும். 2020 மே 29 அன்று 'பொன்மகள் வந்தாள்' திரையரங்கைத் தாண்டி அமேசான் பிரைமில் வெளியானபோது நடந்த சண்டை முழுவதும் கொட்டகைக்கு நஷ்டம் வருமா என்பதைப் பற்றியே இருந்தது. அந்தப் படத்தை எந்த ஊரில் எத்தனை பேர் பார்த்தார்கள் என்பது இனி யாருக்கும் தெரியாது என்பதை அன்று யாரும் பெரிதாகப் பேசவில்லை. நெட்ஃபிளிக்ஸ் 2023 இறுதியிலிருந்து உலகளாவிய பார்வை நேரத்தைப் பட்டியலாக வெளியிடுகிறது. அதில் தமிழ்நாடும் தனியாகத் தெரியாது, டி.டி. ஏரியாவும் தெரியாது.

சந்தா முறையில் பார்வையாளர் படத்தைத் தேர்ந்து காசு கொடுப்பதில்லை. மாதத்துக்கு ஒரு தொகையைத் தளத்துக்குக் கொடுக்கிறார். பல வீடுகளில் அதுவும் இல்லை. செல்போன் ரீசார்ஜோடு ஓசியாக ஒட்டிக்கொண்டு வரும் சந்தா, வெளிநாட்டில் வேலை செய்யும் மச்சான் கொடுத்த பாஸ்வேர்டு, டெலிகிராமில் இறங்கிய பிரதி. இந்த மூன்று வழியிலும் பார்ப்பவர், தயாரிப்பாளரின் கண்ணுக்குத் தெரியும் ரசிகராக எங்கேயும் பதிவாவதில்லை. நெட்ஃபிளிக்ஸ் 2021 டிசம்பரில் செல்போன் சந்தாவை 199இலிருந்து 149 ரூபாயாகக் குறைத்தது. அப்படியும் தனியாகப் பணம் கட்டிப் பார்ப்பவர்களின் எடை நகரத்துப் பக்கமே சாய்கிறது. விளைவு கதைகளில் தெரிகிறது. தமிழின் பேர்பெற்ற வலைத்தொடர்களை வரிசையாக வைத்துப் பாருங்கள்: 'நவம்பர் ஸ்டோரி', 'விலங்கு', 'சுழல்', 'வதந்தி'. நான்கும் குற்ற விசாரணை. 'விலங்கு' திருச்சிப் பக்கத்துக் காவல் நிலையத்தில் நடக்கிறது, 'வதந்தி' கன்னியாகுமரிப் பக்கம், 'சுழல்' தொடரில் மயானக் கொள்ளைத் திருவிழாவே வருகிறது. சிற்றூர் காணாமல் போய்விடவில்லை; பிணம் கிடைக்கும் இடமாக இருக்கிறது. நல்ல தொடர்கள்தான், சந்தேகமில்லை. ஆனால் அந்த ஊர்க்காரர் மாலையில் குடும்பத்தோடு உட்கார்ந்து சிரிக்க எடுத்தவை அல்ல. அந்த ஊரை வெளியிலிருந்து திகிலோடு எட்டிப் பார்ப்பவருக்காக எடுத்தவை.

இதற்கு வலுவான மறுப்பு 'ஜெய் பீம்'. 2021 நவம்பர் 2 அன்று பிரைமில் வெளியான அந்தப் படத்தின் மூலம், விருத்தாசலம் அருகே முதனை கிராமத்தில் 1993இல் நடந்த காவல் மரணமும் அதற்காக வழக்கறிஞர் கே. சந்துரு நடத்திய வழக்கும். ஆண்டிமடத்துக்கு வடக்கே கொஞ்ச தூரத்தில் நடந்த கதை அது. அடுத்த ஊர்க் கொடுமை உலகம் முழுக்க ஒரே இரவில் போய்ச் சேர்ந்தது. கொட்டகை முறையில் இவ்வளவு வீச்சு கிடைத்திருக்குமா என்பது சந்தேகமே. 'சார்பட்டா பரம்பரை' படத்துக்கும் இதே வாதம் பொருந்தும். மறுப்பை ஏற்கிறேன், ஆனால் பாதிவரை. இப்படங்கள் தொற்றுக் காலத்தில், தளங்கள் சந்தாதாரர்களைப் பிடிக்கப் பணத்தை வாரி இறைத்த பருவத்தில் வந்தவை. கொட்டகைகள் முழுமையாகத் திறந்த பிறகு, தளங்கள் பெரிய நட்சத்திரங்களின் படங்களை முதலில் வாங்கிக்கொண்டு, சின்னப் படங்களைக் கொட்டகையில் எப்படிப் போகிறது என்று பார்த்துவிட்டு வாருங்கள் எனத் திருப்பி அனுப்பின. பழைய வரிசை மறுபடி வந்துவிட்டது. இம்முறை வரிசையில் நிற்பது படம். இன்னொன்றும் கவனிக்க வேண்டியது. 'ஜெய் பீம்' படத்தில் ஒரு காலண்டர் குறித்து எதிர்ப்பு எழுந்ததும், வெளியான சில நாளில் அந்தக் காட்சி மாற்றப்பட்டுவிட்டது. 2024 ஜனவரியில் 'அன்னபூரணி' நெட்ஃபிளிக்ஸிலிருந்து முழுதாகவே நீக்கப்பட்டது. இந்த முடிவுகள் சரியா தவறா என்பது தனி விவாதம். தணிக்கைச் சான்று பெற்று மக்களிடம் போய்ச் சேர்ந்த ஒரு படத்தை நீதிமன்ற உத்தரவில்லாமலே திருத்தவோ தூக்கவோ முடியும் என்பது புதுசு. பிலிம் பெட்டிகள் காலத்தில் அதற்கு ஊர் ஊராகப் போய்க் கத்தரிக்க வேண்டியிருந்திருக்கும்.

அடுத்த மறுப்பு யூடியூபிலிருந்து வரும். அங்கே ஒவ்வொரு பார்வையும் எண்ணப்படுகிறது, எண்ணும் வெளிப்படையாகத் தெரிகிறது, நுழைவுக் கட்டணமும் இல்லை. புதுக்கோட்டை மாவட்டம் சின்ன வீரமங்கலத்தில் 2018இல் தொடங்கிய வில்லேஜ் குக்கிங் சேனல், 2021இல் ஒரு கோடி சந்தாதாரர்களைத் தாண்டிய முதல் தமிழ்ச் சேனலானது. ஒரு தாத்தாவும் பேரன்களும் வயல்வெளியில் அண்டா வைத்துச் சமைத்து இதைச் சாதித்தார்கள். எந்த விநியோகஸ்தரும் இந்த வாய்ப்பைக் கொடுத்திருக்க மாட்டார். கோவையின் நக்கலைட்ஸ், பரிதாபங்கள் கோபி-சுதாகர் என்று கொங்குப் பேச்சும் தெருமுனை நையாண்டியும் திரைக்கு வந்ததும் இந்த வழியில்தான். இதில் வரவு உண்மையானது. குறைத்துச் சொல்லக் கூடாது. ஆனால் யூடியூபின் எண்ணும் ஒரே எடையுள்ள எண் அல்ல. விளம்பரக் கட்டணம் பார்ப்பவர் எந்த நாட்டில் இருக்கிறார் என்பதைப் பொறுத்து மாறுகிறது. டொரண்டோவில் இருக்கும் தமிழர் ஒருவரின் பார்வைக்குக் கிடைக்கும் பணம், ஆண்டிமடத்துப் பார்வைக்குக் கிடைப்பதைவிடப் பல மடங்கு. பழைய கொட்டகையின் தரை டிக்கெட்டும் பால்கனி டிக்கெட்டும் ஒழியவில்லை, கடல் கடந்து விரிந்திருக்கின்றன. கிராமம் ஏன் எப்போதும் பச்சை வயலாகவும் வாழை இலையாகவும் மண் சட்டியாகவுமே சேனல்களில் தெரிகிறது என்பதற்கு இது ஒரு காரணம். அரியலூர்ச் சுண்ணாம்புக்கல் சுரங்கமும் சிமென்ட் ஆலைப் புழுதியும் அந்தச் சட்டகத்துக்குள் வருவதில்லை. ஊரை நினைத்து ஏங்குபவருக்கு அது தேவைப்படாது.

டிக்டாக்கை இந்த இடத்தில் விட்டுவிட முடியாது. படித்தவர்கள் முகம் சுளித்த அந்தத் தளத்தில்தான் கூலி வேலைக்குப் போகும் பெண்களும் கட்டடத் தொழிலாளிகளும் அக்கம்பக்கத்து ஊர்க்காரர்களுக்காகவே ஆடினார்கள், பாடினார்கள். சாதிப் பெருமையையும் வசவையும் அது பரப்பியது. பெண்களை இழிவுபடுத்தவும் பயன்பட்டது. உயர் நீதிமன்ற மதுரைக் கிளை 2019 ஏப்ரலில் தடைக்கு உத்தரவிட்டு, மூன்று வாரத்தில் விலக்கிக்கொண்டது. 2020 ஜூன் 29 அன்று மத்திய அரசு ஒரேயடியாக நிறுத்தியது, அதுவும் சீனாவுடனான எல்லைத் தகராறை ஒட்டி. அத்தனை பேர் சேர்த்த ரசிகர்களும் ஒரு இரவில் இல்லாமல் போனார்கள். மினிமம் கேரண்டி என்ற சொல்லாவது பழைய தொழிலில் இருந்தது.

எண்ணிக்கையே தேவைப்படாத இடத்தில் இதே தொழில்நுட்பம் எவ்வளவு இயல்பாகப் பொருந்துகிறது என்பதும் கவனிக்கத் தக்கது. அரியலூர், பெரம்பலூர் பக்கத்துக் கல்யாணப் பத்திரிகைகளில் கீழ் மூலையில் இன்று க்யூ.ஆர். கோடு அச்சாகிறது. உள்ளூர் ஸ்டூடியோக்காரர் மணவறைக்கு முன் கேமரா வைத்து யூடியூபில் லைவ் போடுகிறார். சிங்கப்பூரிலும் வளைகுடாவிலும் இருக்கும் அண்ணன்மாரும் சித்தப்பாக்களும் வேலை இடைவேளையில் தாலி கட்டுவதைப் பார்க்கிறார்கள். மாதா கோவில் தேர்ப்பவனி, அம்மன் கோவில் தீமிதி, இழவு வீடு, எல்லாவற்றுக்கும் இப்போது லைவ் உண்டு. ஒருகாலத்தில் 'ஞானசௌந்தரி' நாடகத்தை விடிய விடியப் பார்த்த கிறிஸ்தவக் கிராமங்களின் திருவிழா நிகழ்ச்சிகளும் இப்படி ஏறுகின்றன. முந்நூறு பார்வை வந்தால் முந்நூறு சொந்தக்காரர்கள். யாரும் விளம்பர வருமானம் பார்ப்பதில்லை, அல்காரிதம் என்ன நினைக்கும் என்று தேரை வேகமாக இழுப்பதும் இல்லை. ஆகவே சிக்கல் இணையத்தில் இல்லை, செல்போனிலும் இல்லை. பொழுதுபோக்கைத் தொழிலாக நடத்தும்போது யாருடைய கணக்குத் தாள் மேசைக்குப் போகிறது என்பதில்தான்.

சி சென்டர் ரசிகரே இனிக் கொட்டகைக்கு வரமாட்டார், எண்ணி என்ன ஆகப்போகிறது என்பவர்கள் உண்டு. 'நாலு வாரத்துல போன்ல வந்துடும்' என்ற பேச்சு அவர்களுக்குச் சான்று. அந்த நான்கு வாரம் எவ்வளவு பெரிய சங்கதி என்பதற்கு 2023இல் 'லியோ' ஒரு சாட்சி: எட்டு வார இடைவெளி கேட்ட தேசிய மல்டிபிளெக்ஸ் சங்கிலிகள் அதன் இந்தி வடிவத்தைத் திரையிடவில்லை. ஒருகாலத்தில் பெட்டி வரும்வரை காத்திருக்க வைக்கப்பட்டவர் இன்று தானாகவே நான்கு வாரம் காத்திருக்கிறார். ஆனால் 2024 ஏப்ரலில் 'கில்லி' மறுவெளியீடு கண்டபோது என்ன நடந்தது? இருபது ஆண்டுப் பழைய படம், தொலைக்காட்சியில் எண்ணிக்கையில்லாமல் போட்டது; கொட்டகைகள் நிரம்பின. அதே ஆண்டு செப்டம்பரில் பெரிய நட்சத்திரம் இல்லாத 'லப்பர் பந்து', ஊர்ப்புறக் கிரிக்கெட்டையும் சாதியையும் மாமனார்-மருமகன் மல்லுக்கட்டையும் வைத்து, வாய்மொழியால் வாரக்கணக்கில் ஓடியது. தங்களுக்கென்று எடுத்ததாகத் தோன்றும் படத்துக்கு மக்கள் இன்னும் டிக்கெட் எடுக்கிறார்கள். 'லப்பர் பந்து' முதலில் தளத்தில் வெளியாகியிருந்தால், அதன் வெற்றி எந்த ஊரிலிருந்து வந்தது என்பது அடுத்த தயாரிப்பாளர் யாருக்கும் தெரிந்திருக்காது.

எனவே கோரிக்கை கொட்டகையைக் காப்பாற்றுங்கள் என்பதாக இருக்கத் தேவையில்லை. கேரள அரசு 2024 மார்ச்சில் சி-ஸ்பேஸ் என்ற தன் ஓ.டி.டி. தளத்தைத் தொடங்கியது, தொடக்கத்தில் அங்கே ஒரு படத்துக்கு 75 ரூபாய், பார்த்தால் மட்டும் பணம். சேரனின் டி.வி.டி. யோசனை அரசு முத்திரையோடு திரும்பியிருக்கிறது என்றே சொல்லலாம். தமிழ்நாட்டில் இதற்கான அடித்தளம் ஏற்கெனவே இருக்கிறது: அரசு கேபிளின் செட்டாப் பாக்ஸ்கள் வீடுகளில் உள்ளன, 12,525 ஊராட்சிகளுக்குக் கண்ணாடி இழை இணைப்புக் கொண்டுபோகும் பாரத்நெட் திட்டம் நடக்கிறது. படத்துக்குப் பத்து, இருபது ரூபாய் என்று விலை வைத்து, எந்த மாவட்டத்தில் எத்தனை வீடுகள் பார்த்தன என்பதை வாராவாரம் வெளியிட்டால், சின்னப் படத் தயாரிப்பாளர் கையில் மறுபடி ஒரு தினக்கணக்கு இருக்கும். தனியார் தளங்களிடமும் கேட்க வேண்டியது அதிகமில்லை. தனிநபர் விவரம் எதுவும் தேவையில்லை. ஒவ்வொரு தமிழ்ப் படத்துக்கும் மாவட்டவாரிப் பார்வை எண்ணிக்கை போதும். அந்த எண்கள் அவர்களிடம் ஏற்கெனவே இருக்கின்றன. தயாரிப்பாளர் சங்கம் அடுத்த ஒப்பந்தங்களில் இதை ஒரு நிபந்தனையாக எழுதட்டும். அரசு தன் தளத்தில் அதை முதலில் செய்து காட்டட்டும்.